எண்ணெய் கொதித்தது வீட்டில் அல்ல

மகனே,

நேற்று ஞாயிறுப் பூசை முடிந்து சாப்பிட வந்த நீ, பாதிச் சோற்றில் எழும்பிக் கதவை அடித்துச் சாத்திவிட்டுப் போனாய். அப்பா எழும்பிப் போய் அந்தக் கதவைத் திரும்பத் திறந்து, மெதுவாகச் சாத்திவிட்டு வந்து திரும்பச் சோற்றுக்கு முன்னால் இருந்தார். அவருக்குத் தெரிந்த கண்டிப்பு அவ்வளவுதான். எனக்கு அது போதாது. அதனால்தான் எழுதுகிறேன். போனில் சொன்னால் நீ ஆங்கிலத்தில் ஓடத் தொடங்கிவிடுவாய். உன் பின்னால் ஓட எனக்கு ஏலாது. நான் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கும் இடத்தில் "ஓகே அம்மா, லவ் யூ" என்று சொல்லிப் போனை வைத்துவிடுவாய். தமிழில் எழுதினால் நீ எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க வேண்டும். உன்னை அழ அழச் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு இழுத்துக்கொண்டு போனதற்கு இன்றைக்காவது ஒரு பயன் இருக்கட்டும். ஆறுதலாக வாசி ராசா. பாய்ந்து வாசித்துவிட்டுப் பாய்ந்து பதில் சொல்லுகிற அலுவல் இல்லை இது.

நேற்று நீ என்னிடம் கேட்டதை முதலில் எழுதிவிடுகிறேன். நான் அப்படிக் கேட்கவில்லை, நீங்கள்தான் பிழையாக விளங்கிக்கொண்டீர்கள் என்று பிறகு நீ சொல்லக்கூடாது. நாளைக்குச் செவ்வாய்க்கிழமை, உன் கடையில் நிற்கிற ஜெசிந்தாவின் வீட்டுக்குக் கவுன்சிலில் இருந்து சோஷல் வேர்க்கர் வருகிறார், அவளுடைய சின்ன மகளைப் பற்றி விசாரிக்க. அதற்கு முன்னால் நான் அங்கே போக வேண்டும். ஆஸ்பத்திரியில் சொன்னதையே நாளைக்கும் சொல்லும்படி அவளிடம் கேட்க வேண்டும். அவளின் கை வெந்தது வீட்டில், வடை பொரிக்கும்போது. உன்னுடைய கோழிக் கடையில் அல்ல. இதுதானே நீ கேட்டது? இதை நான் செய்யமாட்டேன். ஏன் செய்யமாட்டேன் என்பதை நீ என் வாயால் கேட்க வேண்டும், நீ கேட்க நிற்காதபடியால் என் கையால் எழுதுகிறேன்.

ஜெசிந்தாவை உன் கடையில் கொண்டுவந்து விட்டவள் நான். அதையும் நான் மறக்கவில்லை. மன்னாரில் இருந்து வந்த பிள்ளை. மாதா கோயிலில் தமிழ்ப் பூசைக்குப் பின்வாங்கில் வந்து இருப்பாள், மகளை மடியில் வைத்துக்கொண்டு. புருஷன் அன்ரன் இரவில் ஒரு கிடங்கில் பெட்டி ஏற்றுகிறவன், பகலில் பிள்ளையைப் பார்க்கிறவன். ஒரு நாள் பூசை முடிந்து தேத்தண்ணி குடிக்கும்போது, "அன்ரி, எனக்கும் ஏதும் வேலை இருந்தா சொல்லுங்கோ, இங்கிலிஷ்தான் கொஞ்சம் கஷ்டம்" என்றாள். நான் உடனே உன்னைத்தான் நினைத்தேன். பெருமையோடு நினைத்தேன். என் மகனுக்கு லண்டனில், மோர்டன் பக்கம், கடை இருக்கிறது, பெயர்ப்பலகை பெரிய கொம்பனியுடையது என்றாலும் உள்ளே முடிவு எடுக்கிறவன் என் பிள்ளை, அவன் எங்கட ஆக்களைப் பார்த்துக்கொள்ளுவான் என்று நினைத்தேன். நீயும் அடுத்த கிழமையே எடுத்தாய். அவள் உன்னைத் தம்பி என்று கூப்பிட்டாள், நீ அவளை அக்கா என்று கூப்பிட்டாய். எனக்கு அப்போது மனம் குளிர்ந்தது. இப்போது அந்த இரண்டு சொல்லுக்கும் நான் பயப்படுகிறேன்.

ஏன் என்று சொல்ல நான் என் பழைய வேலைக்குப் போக வேண்டும். நீ சின்னவனாக இருந்தபோது நான் நின்ற கோழிக் கடை உனக்கு நினைவு இருக்காது. மணம் நினைவு இருக்கும். நான் வீட்டுக்கு வந்து குளிக்காமல் உன்னைத் தூக்கினால் "அம்மா சிப்ஸ் மணக்குது" என்று மூக்கைப் பொத்துவாய். அந்தக் கடை முதலாளியும் எங்கட ஆள்தான். எல்லோரும் அவரை அண்ணை என்றுதான் கூப்பிட்டோம், அவர் என்னைத் தங்கச்சி என்பார். கெட்ட மனுஷன் என்று நான் சொல்லமாட்டேன். உன் முதல் நன்மைப் பூசைக்குப் பெரிய கேக் ஒன்று செய்வித்துக் கொண்டுவந்தவர். எனக்குக் காய்ச்சல் என்றால் தன் மனைவியிடம் சொல்லிக் கஞ்சி வைத்து அனுப்புவார். அப்படிப்பட்ட மனுஷன், உன் பள்ளிக்கூடத்தில் யேசு பிறக்கிற நத்தார் நாடகத்தன்று, நான் ஏப்ரனைக் கழற்றிக்கொண்டு நிற்கும்போது வந்து, "தங்கச்சி, வாற பெடியன் வரேல்லை. இண்டைக்கு மட்டும் ஒருக்கா நிண்டு குடுங்கோ. வேற ஆர் இருக்கினம் எனக்கு?" என்றார்.

கழற்றிய ஏப்ரனைத் திரும்பக் கட்டினேன். நீ தலையில் துவாயைக் கட்டிக்கொண்டு இடையனாக நின்றாயாம். உனக்குச் சொல்ல இருந்தது ஒரே ஒரு வசனம். சனத்துக்குள் என்னைத் தேடித் தேடி அந்த வசனத்தைச் சொல்ல மறந்து நின்றாயாம். அப்பா வந்து சொல்லும்போது நான் கோழிக்கு மாப் பிரட்டிக்கொண்டு நின்றேன். முதலாளி என்று ஒருவன் நாக்கைப் பிடுங்குவது மாதிரிக் கேட்டிருந்தால், "ஏலாது ஐயா, என்ரை ஷிப்ட் முடிஞ்சுது" என்று நான் சொல்லியிருப்பேன். எனக்கு வாய் இல்லையா என்ன, உனக்குத் தெரியாத வாயா? ஆனால் அண்ணைக்கு எப்படிச் சொல்வது? கஞ்சி அனுப்பிய வீட்டுக்கு எப்படிச் சொல்வது? எங்கட ஆக்கள் எங்கட ஆக்களிடம் வேலை வாங்குகிற முறை இதுதான். உறவு சொல்லிக் கூப்பிட்டு, அன்பாகவே கேட்டு, மறுக்க முடியாமல் செய்துவிடுவது. அண்ணை அதைத் தெரிந்து செய்தாரா, தெரியாமல் செய்தாரா என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. நின்ற காலுக்கு அதில் வித்தியாசம் ஒன்றும் இல்லை.

உன் கடைக்கு நான் வரும்போதெல்லாம் உள்ளே நிற்கிறவர்களைப் பார்ப்பேன். நீ நினைப்பாய், அம்மா கோழி வாங்க வந்தா என்று. என் காலத்தில் உள்ளே நின்றவர்கள் முழுக்க எங்கட ஆக்கள். படிக்க வந்த பெடியள், அகதிக் கேஸ் முடியாமல் வருஷக்கணக்காய்க் காத்திருந்த பெடியள், என்னைப் போல வேறு வேலைக்கு இங்கிலிஷ் காணாத பெண்கள். இப்போது அந்த இடத்தில் இத்தாலியில் இருந்து குடும்பத்தோடு வந்த வங்காளிப் பெண் ருமானா நிற்கிறாள். படிப்பு விசாவில் வந்த நேபாளப் பிள்ளைகள் நிற்கிறார்கள், விசா விடுகிற மணித்தியாலத்துக்கு மேலே ஒரு நிமிஷமும் பதியக்கூடாது என்ற பயத்தோடு. புருஷன் செத்தபிறகு தனிய இருக்க ஏலாமல் மேசை துடைக்க வருகிற வெள்ளைக்கார மனுஷி நிற்கிறா. வாசலில் ஹெல்மெட் கழற்றாமல் டெலிவரிப் பெடியள். வெளியில் இருக்கிறவர்கள் இது ஏதோ பள்ளிக்கூடப் பிள்ளைகள் கைச்செலவுக்குச் செய்கிற வேலை என்று நினைக்கிறார்கள். ஒரு வார நாளில் பகலில் வந்து பார்க்கட்டும். அங்கே நிற்கிறவர்களில் பாதிப் பேர் தாய்மார். கண் அடிக்கடி மணிக்கூட்டுக்குப் போய் வரும், பள்ளிக்கூடத்தால் பிள்ளையை ஆர் கூட்டிவரப் போகிறார்கள் என்று. ஆட்கள் மாறிவிட்டார்கள், நாடுகள் மாறிவிட்டன. வேலை அப்படியே இருக்கிறது. அடுத்த கிழமை எந்த நாள், எத்தனை மணி என்று முன்பு அண்ணை வாயால் சொன்னார், இப்போது போன் சொல்லுகிறது. சனம் குறைந்து கடை ஆறிப்போனால் "நீ வீட்டை போ" என்பது அன்றைக்கும் இருந்தது, இன்றைக்கும் இருக்கிறது. பஸ் பிடித்து வந்தவள் திரும்பப் பஸ் பிடித்துப் போக வேண்டியதுதான்.

நீ அவர்களைவிட அதிகம் வேலை செய்கிறாய் என்று எனக்குத் தெரியும். அதைச் சொல்லாமல் விட்டால் அநியாயம். உன் கையிலும் எண்ணெய் தெறித்த புள்ளிகள் இருக்கின்றன. தாய்க்குத் தெரியாமல் ஷேர்ட்டின் கையை இழுத்துவிட்டால் தெரியாமல் போகுமா? கொம்பனி உன் கடையை மற்றக் கடைகளோடு ஒப்பிட்டு, தேவைக்கு மேலே ஆள் நிற்கிறது, ஆளைக் குறை என்று உன்னைப் போட்டு நெரிக்கிறது. விம்பிள்டன் பக்கம் இரண்டாவது கடையும் உன் கைக்கு வர இருக்கிறது, இந்த மாதம் கையெழுத்து. இந்த நேரத்தில் கடையில் ஒருத்தி வெந்துபோனாள் என்று ஒரு பதிவு விழுந்தால் என்ன ஆகும் என்று நீ பயப்படுகிறாய். பயத்தை நான் குறை சொல்லவில்லை. பயத்தில் நீ என்ன செய்தாய், நான் என்ன செய்தேன் என்பதுதான் என் பேச்சு.

அன்றைக்கு வியாழக்கிழமை, விடிய முதல் மழை. மத்தியானச் சனம் வரவில்லை. நீ ருமானாவை வீட்டுக்கு அனுப்பினாய். பழைய எண்ணெயை எடுத்துப் புது எண்ணெய் ஊற்ற வேண்டிய நாள் அது. அது இரண்டு பேர் செய்கிற வேலை என்று நானே உனக்குச் சொல்லியிருக்கிறேன், நீ கடை எடுத்த கிழமையே சொன்னேன். எண்ணெய் ஆற வேண்டும், ஒருவர் பாத்திரத்தைப் பிடிக்க வேண்டும், மற்றவர் எண்ணெய் வடிகிற குழாயைத் திறக்க வேண்டும், முழங்கை வரைக்கும் கையுறை போட வேண்டும். ஆறும் வரைக்கும் பார்த்துக்கொண்டு நின்றால் பள்ளிக்கூடம் விட்டுவிடும், பிள்ளைகள் வாசலில் வந்து முட்டுவார்கள். அதனால் நீ போய்ச் சொன்னாய்: "அக்கா, இண்டைக்கு மட்டும் தனியச் செய்து விடுங்கோ." ஜெசிந்தாதான் எனக்கு இதைச் சொன்னாள், குறையாகச் சொல்லவில்லை, சும்மா நடந்ததைச் சொன்னாள். இண்டைக்கு மட்டும்! அந்தச் சொல்லை நீ எங்கேயடா படித்தாய்? நான் ஒரு நாளும் உனக்குச் சொல்லித் தரவில்லையே. கையுறை கிழிந்து போயிருந்தது, புதியது வரவில்லை. சுடச்சுட எண்ணெய்ப் பாத்திரத்தைத் தனியத் தூக்கினாள், ஈரத்தில் கால் வழுக்கியது. வலது கை, மணிக்கட்டில் இருந்து முழங்கை வரைக்கும்.

நீ அவளின் கையைத் தண்ணீர்க் குழாயின் கீழ் பிடித்துக்கொண்டு நின்றாய். அதைச் சரியாகச் செய்தாய், டொக்டரும் அதைத்தான் சொன்னார். பிறகு அம்புலன்ஸுக்குப் போன் அடிக்காமல் எனக்கு அடித்தாய். நான் வீட்டுச் செருப்போடு ஓடி வந்தேன். ரக்சியில் அவளை ஏற்றும்போது உன் முகம், அப்பா வந்து சொன்ன அந்த நாடகத்து இடையன் முகம். ரக்சியின் ஜன்னலுக்குள் குனிந்து, "அம்மா, வீட்டில நடந்தது எண்டு சொல்லுங்கோ, ப்ளீஸ்" என்றாய். அந்த நேரம் யூனிபோம் போட்ட பிள்ளைகள் கூட்டமாக வந்து கதவைத் தட்டத் தொடங்கினார்கள். நீ ஒருக்காத் திரும்பிப் பார்த்தாய். பிறகு உள்ளே போனாய். நான் என் கார்டிகனைக் கழற்றி அவளுடைய தோளில் போட்டேன், குளிருக்கு என்று. பொய். சட்டையில் இருந்த உன் கடைப் பெயரை மூடத்தான் போட்டேன்.

ஆஸ்பத்திரியில் நடந்ததை நான் உனக்கு முழுக்கச் சொல்லவில்லை. நீயும் கேட்கவில்லை. அந்த நர்ஸ் என் வயது மனுஷி, நல்ல மனுஷி. ஜெசிந்தா தமிழ் என்றதும், போனில் மொழிபெயர்ப்பாளர் ஒருவரைப் பிடிக்கலாம் என்றா. நான்தான் முந்திக்கொண்டு, தேவையில்லை, நான் இவளுடைய அன்ரி என்றேன். எங்களுக்கு இது ஒரு பெருமை, இல்லையா? எங்கட ஆளுக்கு நாங்கள் இருக்கும்போது வெளியாள் எதற்கு என்று. கிளினிக், பாங்க், பள்ளிக்கூடம், எங்கே போனாலும் சொந்தக்காரரைக் கூட்டிப் போய்த்தான் பேசுவோம். எப்படிச் சுட்டது என்று நர்ஸ் கேட்டா. ஜெசிந்தா வலியில் பல்லைக் கடித்துக்கொண்டு, "கடையிலை அன்ரி, எண்ணெய் மாத்தேக்கை எண்டு சொல்லுங்கோ" என்றாள். நான் நர்ஸைப் பார்த்து ஆங்கிலத்தில், வீட்டில், வடை பொரிக்கும்போது என்றேன்.

அவளுக்கு ஆங்கிலம் கொஞ்சம் கஷ்டம்தான். வீடு என்ற சொல் தெரியாத அளவுக்குக் கஷ்டம் இல்லை. என்னைத் திரும்பிப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் நான் இன்றைக்குத் தூங்குவேன். விளங்கிக்கொண்ட மாதிரிப் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். நர்ஸ் விடவில்லை. இவ்வளவு எண்ணெயா வடைக்கு என்று கேட்டா. வீட்டில் வேறு யார் நின்றார்கள் என்று கேட்டா. பகலில் அன்ரன் வீட்டில் நிற்பான் என்ற ஞாபகத்தில், புருஷன் என்று சொல்லிவிட்டேன். பிள்ளையும் நின்றதா? ஓம், பிள்ளையும் என்றேன். பொய் சொல்லப் பழகாதவள் பொய் சொன்னால் இப்படித்தான், ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கிக்கொண்டு போவாள். அந்த மனுஷியின் முகம் மாறியதைப் பார்த்தேன், ஏன் மாறியது என்று அப்போது எனக்கு விளங்கவில்லை. என்னை வெளியில் இருக்கச் சொன்னா. பிறகு மொழிபெயர்ப்பாளரைப் போனில் பிடித்து, ஜெசிந்தாவிடம் தனியக் கேட்டிருக்கிறா. புருஷன் அடிக்கிறவரா, வீட்டில் பயமாக இருக்கிறதா என்று. அந்த நேரம் அவள் உண்மையைச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அன்ரி சொன்னது சரி, வடைதான் என்றிருக்கிறாள். அவள் காப்பாற்றியது என்னை, உன்னை. காட்டிக் கொடுத்தது தன் புருஷனை. அந்த நிமிஷம் அவளுக்கும் அது விளங்கவில்லை.

சனிக்கிழமை நான் சூப் வைத்துக்கொண்டு அவர்கள் வீட்டுக்குப் போனேன். நீ என் கையில் ஒரு பை தந்துவிட்டாயே, அதைத் திறந்து பார்த்தேன். பொரித்த கோழி! எண்ணெயில் வெந்த பிள்ளைக்குப் பொரித்த கோழி அனுப்புகிற விசரன் இந்த லண்டனில் நீ ஒருவன்தான் இருப்பாய். பஸ் தரிப்பிடத்தில் இருந்த குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டுத்தான் போனேன், மன்னித்துக்கொள். அன்ரன்தான் கதவைத் திறந்தான். சமையலறைக் கதவு பூட்டியிருந்தது. ஆஸ்பத்திரியில் இருந்து அறிவித்து, வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடத்தில் பிள்ளையைத் தனிய இருத்தி, அப்பா கோபப்படுவாரா, அம்மாவுக்கு எப்படிக் காயம் வந்தது என்று மெதுவாகக் கேட்டிருக்கிறார்கள். அது அவர்களுடைய கடமை. நான் சொன்ன பொய்யைக் கேட்டால் நானும் கேட்டிருப்பேன். பிள்ளை வீட்டுக்கு வந்து தகப்பனிடம் கேட்டிருக்கிறது.

"அன்ரி," என்றான் அன்ரன், "என்ரை பிள்ளை என்னட்டைக் கேக்குது, அப்பா நீங்களோ அம்மாவைச் சுட்டனீங்கள் எண்டு."

ஆறடி மனுஷன், படிக்கட்டில் குந்தியிருந்து அழுதான். அன்றில் இருந்து அவன் அடுப்படிப் பக்கம் போவதில்லையாம். பிள்ளையைக் குளிக்க வார்க்கவும் பயமாம், கத்தினால் பக்கத்து வீட்டுக்காரர் என்ன நினைப்பார்களோ என்று. ஜெசிந்தா கட்டுப் போட்ட கையைத் தலையணையில் வைத்துக்கொண்டு இருந்தாள். "நானே சொல்லிப்போடுவன் அன்ரி, ஆனா தம்பிக்குக் கடை போயிடுமே எண்டுதான் பயமாக் கிடக்கு. அவர் என்னை ஒரு நாளும் பேசினதில்லை. அக்கா எண்டுதான் கூப்பிடுவார்" என்றாள். நான் கொண்டுபோன சூப்பை வைத்துவிட்டு வந்துவிட்டேன். ஆறுதல் சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருந்தது? வரும் வழியில் ட்ராமில் நான் அழுததை ஒரு சின்னப் பிள்ளை பார்த்துக்கொண்டு வந்தது.

அன்ரன் வீட்டில் கண்டதை எல்லாம் நேற்று உன்னிடம் சொன்னேன். நீ சொன்ன மறுமொழியை நான் திரும்பத் திரும்ப நினைத்துப் பார்க்கிறேன். "கவுன்சில்காரர் பிள்ளையை எல்லாம் எடுக்க மாட்டினம் அம்மா, ஜஸ்ட் ஒரு விசிட். கொஞ்சம் பொறுத்தா நான் சைன் பண்ணிடுவன், பிறகு எல்லாம் சரி" என்றாய். பிறகு சொன்னாய், "உங்களுக்காகத்தானே அம்மா இவ்வளவும். நீங்கள் அந்தக் கடையில நிண்டு பட்ட கஷ்டத்துக்குத்தானே நான் கடை எடுத்தனான்." அந்த இடத்தில்தான் நான் கத்தினேன், அந்த இடத்தில்தான் நீ எழும்பினாய். இப்போது கத்தாமல் சொல்லுகிறேன். எனக்காக என்று சொல்லாதே. நான் நின்ற இடத்தில் இன்னொருத்தியை நிற்பாட்டி, எனக்குச் சொன்ன அதே சொல்லை அவளுக்கும் சொல்லி, என் கஷ்டத்துக்குப் பதில் செய்தேன் என்றால் அது எப்படிப் பதிலாகும்? அண்ணை என் நாடகத்தை எடுத்தார். நீயும் நானும் சேர்ந்து அந்தப் பிள்ளையிடம் அவளின் தகப்பனையே எடுத்துவிட்டோம்.

நான் உனக்குக் கடை நடத்தச் சொல்லித் தருகிற ஆள் இல்லை. ஆனாலும் அந்த ஏப்ரனைக் கட்டியவள் என்ற முறையில் சிலது சொல்லுவேன், கேள். எண்ணெய் மாற்றுகிற நாளில் கடை ஈ ஓட்டினாலும் இரண்டாவது ஆளை வீட்டுக்கு அனுப்பாதே. கிழிந்த கையுறையைக் கண்ட அன்றைக்கே பொரிக்கிற பிரையரை நிறுத்து. கொம்பனி கேட்டால் அம்மா நிறுத்தச் சொன்னா என்று சொல், நான் பேசுகிறேன் அவர்களோடு. பிறகு இந்த அக்கா. அவளை அக்கா என்று கூப்பிடு, நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. நத்தாருக்குக் கூப்பிடு, பிள்ளையின் பிறந்தநாளுக்குப் போய்க் கூப்பிடு. கூட ஒரு மணித்தியாலம் நிற்கக் கேட்கும்போது மட்டும் பெயரைச் சொல்லிக் கேள். ஜெசிந்தாவால் ஏலாது என்று சொல்ல முடியும். அக்காவால் சொல்ல முடியாது. அதைத் தெரிந்துகொண்டுதான் நாங்கள் எல்லோரும் அப்படிக் கூப்பிடுகிறோமோ என்று எனக்கு இப்போது சந்தேகமாக இருக்கிறது.

விம்பிள்டன் கடை போனால் போகட்டும் என்று எழுத எனக்குக் கை வரவில்லை. நீ அதற்காக எத்தனை வருஷம் நித்திரை முழித்தாய் என்று தெரியும். தண்டம் வரலாம், விசாரணை வரலாம், இருக்கிற கடைக்கும் ஏதும் வரலாம். எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது. நேற்று இரவு மாதாவிடம் உனக்காகத்தான் முழங்காலில் நின்றேன், அன்ரனுக்காக அல்ல. அந்த அளவுக்கு நான் சுயநலக்காரி. தாய் அப்படித்தான். ஆனால் முழங்காலில் இருந்து எழும்பும்போது அந்தப் பிள்ளை கேட்ட கேள்விதான் காதில் நின்றது. நாளைக்கு உனக்கும் ஒரு பிள்ளை பிறக்கும். அது உன்னைப் பார்த்து அப்படி ஒரு கேள்வி கேட்டால் நீ எத்தனை கடையைக் கொடுத்தென்றாலும் அந்தக் கேள்வியை அழிக்கப் பார்ப்பாய்.

இந்தக் கடிதத்தை அப்பா கொண்டுவந்து உன் கையில் தருவார். அவரிடம் ஒன்றும் கேட்காதே, அவர் ஒன்றும் சொல்லமாட்டார். நாளைக்குப் பின்னேரம் மூன்றரைக்கு அந்தச் சோஷல் வேர்க்கர் வருகிறார். பள்ளிக்கூடம் விட்டுப் பிள்ளைகள் உன் வாசலில் வந்து முட்டுகிற நேரம் அது, எனக்குத் தெரியும். ஷட்டரை இறக்கிவிட்டு ஜெசிந்தா வீட்டுக்கு வா. ஒரு நாள் சிப்ஸ் தின்னாமல் வீட்டுக்குப் போனால் அந்தப் பிள்ளைகளுக்கு ஒன்றும் நடக்காது. அன்றைக்கு நீ ரக்சிக்குள் ஏறியிருக்க வேண்டிய நேரமும் அதுதான்.

நான் முன்னரே அங்கே போய் இருப்பேன். மொழிபெயர்க்கச் சொன்னால் மாட்டேன் என்பேன். போனில் ஆளைப் பிடியுங்கள், எனக்கு அந்தத் தகுதி இல்லை என்று சொல்லுவேன். பிறகு எனக்குரியதை நான் சொல்லுவேன். ஆஸ்பத்திரியில் பொய் சொன்னது நான், இவள் இல்லை. அன்ரன் அன்றைக்கு அந்த எண்ணெயைக் கண்ணால்கூடக் காணவில்லை. அப்படியென்றால் எங்கே நடந்தது என்று அந்த ஆள் கேட்பார். அந்த இடத்தில் மட்டும், நீ வந்து வாசல் மணி அடிக்கிறாயா என்று நான் கொஞ்சம் காது கொடுத்துப் பார்ப்பேன். அடிக்காவிட்டால் நானே சொல்லிவிடுவேன்.

அம்மா